வரேன் என்று போனவர்

நீதிமன்ற வராந்தாவில் வருகிற தூக்கம் வேறெங்கும் வராது. வீட்டில் விளக்கை அணைத்துவிட்டு விடிய விடியப் புரண்டு படுப்பவர்கள்கூட, அந்த மாடி வராந்தாவின் நீளப் பெஞ்சில் வந்து உட்கார்ந்த சற்று நேரத்திலேயே தலையைத் தொங்கப்போட்டு விடுவார்கள். மேலே மின்விசிறி ஏதோ சொல்ல வந்து சொல்லாமல் விடுவதுபோல முனகிக்கொண்டே இருக்கும். உள்ளே யாரோ எதையோ வாசித்துக்கொண்டே இருப்பார்கள். வாசிக்கிறவருக்கும் அதில் அக்கறை இருக்காது, கேட்கிறவருக்கும் இருக்காது. பழைய காகிதத்தின் வாசனை வேறு. அதை மோந்தால் போதும், மனுஷனுக்குக் கொட்டாவி வந்துவிடும்.

பாப்பாவும் அங்கே தூங்குவாள். பாப்பா என்றதும் இடுப்பில் தூக்கி வைத்துக்கொள்கிற குழந்தை என்று நினைத்துவிட வேண்டாம். ஐம்பதைத் தாண்டியவள். பெரிய துணிக்கடை ஒன்றின் பின்பக்க அறையில், வாங்கிய துணி அளவு சரியில்லை என்று திரும்பக் கொண்டுவருகிறவர்களுக்குப் பிடித்தும் பிரித்தும் தைத்துக் கொடுக்கிறவள். மகளைக் கட்டிக்கொடுத்துப் பேரனையும் பார்த்தாயிற்று. கடைக்குட்டியாகப் பிறந்ததால் வந்த பேர் அது. பல் விழுந்தாலும் போகாது. அப்படி அவளைக் கூப்பிட்டவர்கள் ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்து, இப்போது மிச்சம் இருப்பது ஒரே ஒரு ஆள். அந்த ஆள்தான் அவள் மேல் வழக்குப் போட்டிருக்கிறார்.

அவர் அவளுடைய அண்ணன். லிஃப்ட் மெக்கானிக். ஊரில் பாதிக் கட்டடங்களில் ஜனங்கள் மேலே போவதும் கீழே வருவதும் தன் கையில்தான் இருக்கிறது என்று ஒரு காலத்தில் பெருமையடித்துக்கொண்டவர். வழக்கு ஒன்றும் பெரிய சமாசாரம் இல்லை. அம்மாவின் வீடு, கீழே இரண்டு அறை, மாடியில் ஒரே ஓர் அறை. அம்மா போன பிறகு பார்த்தால், வீடு முழுவதும் பாப்பாவுக்கு என்று எழுதி வைத்திருந்தாள். "மாடி ரூம் எனக்குன்னு அம்மா தன் வாயால சொன்னாங்க" என்றார் அண்ணன். "அப்ப அதை எழுதியிருக்கலாம்ல" என்றாள் பாப்பா. இந்த இரண்டு வாக்கியங்களும் கூடத்தில் நின்று பேசி முடித்திருக்க வேண்டியவை. எப்படியோ வாசலைத் தாண்டி, தெருவைத் தாண்டி, வக்கீல் வீட்டுக்கே போய்விட்டன. கீழ்க்கோர்ட்டு எழுத்தைத்தான் நம்பும்; நம்பியது. அண்ணன் தோற்றார். விடாமல் மேல்கோர்ட்டில் மேல்முறையீடு போட்டார். அது முடிகிற வரைக்கும் மாடி அறையை யாரும் தொடக் கூடாது என்று பூட்டி, அரக்கு வைத்து, சாவியைக் கோர்ட்டே வாங்கி வைத்துக்கொண்டது.

ஆயிற்று, ஆறேழு வருஷம். அன்றைக்குப் பேச்சை நிறுத்தியவர்கள் நிறுத்தியவர்கள்தான். பாப்பாவின் மாப்பிள்ளைக்குக் கப்பலில் வேலை கிடைத்ததும் மகள் குழந்தையோடு அம்மா வீட்டுக்கு வந்துவிட்டாள். கீழே இருந்த இரண்டு அறையில் ஒன்றைத் துணி மூட்டைகளும் தையல் மிஷினும் அடைத்துக்கொண்டிருந்தன. பேரன் மிஷினுக்கு அடியில் பாய் விரித்துத் தூங்கினான். மிதிக்கிற கட்டையில் கால் பட்டு அது ஆடினால், தூக்கத்திலேயே சிரிப்பான். அவன் தலைக்கு மேலே ஓர் அறை சும்மா பூட்டிக் கிடந்தது. அந்த அறை வேண்டும் என்று பாப்பா நினைக்காத நாள் இல்லை.

ஆனால் இன்னொன்றும் இருந்தது. அதை அவள் யாரிடமும் சொன்னதில்லை, தனக்குத்தானே சொல்லிக்கொண்டதும் இல்லை. வாய்தா நாள் வந்தால் அவள் நல்ல துணியாகப் பார்த்து உடுத்துவாள். முந்தின நாளே கண்ணாடியைத் துடைத்து வைப்பாள். அந்த வராந்தாவில் பெஞ்சு ஒன்றுதான். அதனால் வழக்காடுகிற இருவரும் அதன் இரண்டு முனையிலும் உட்கார வேண்டியதாயிற்று. அண்ணன் பேப்பரைப் பிரித்துப் பாதியைப் படித்துவிட்டு, அதை நடுவில் வைத்துவிட்டு மறுபாதியை எடுப்பார். நடுவில் வைத்தது கொஞ்ச நேரத்தில் பாப்பாவின் கைக்கு வந்திருக்கும். வெயில் அவள் முகத்தில் விழும்போது அவர் எழுந்து, கால் மரத்துப்போனவர்போல இரண்டு தரம் உதறிவிட்டு, ஜன்னல் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்காருவார். ஒரு வார்த்தை கிடையாது. பிறகு இருவரும் அவரவர் முனையில் தூங்குவார்கள். சின்ன வயதில் ஒரே பாயில் இழுத்துப் போர்த்திக்கொண்டு தூங்கியவர்களுக்கு, கவர்மெண்ட் செலவில் அப்படி ஒரு வசதி. அதைச் சண்டை என்று சொல்லவும் மனசு வரவில்லை, சமாதானம் என்று சொல்லவும் முடியவில்லை.

போன வாய்தாவன்று மழை பிடித்துக்கொண்டது. கட்டடத்தின் வாசலில் ஒதுங்க இடமில்லாமல் ஜனம் நெருக்கியதில் அண்ணனும் தங்கையும் தோளோடு தோள் நிற்கும்படி ஆகிவிட்டது. இருவரும் மழையைப் பார்த்தார்கள். மழையில் பார்க்க என்ன இருக்கிறது, ஆனாலும் கண்ணெடுக்காமல் பார்த்தார்கள். மழை சற்று விட்டதும் அண்ணன் தலையில் பையைக் கவிழ்த்துக்கொண்டு படி இறங்கினார். இறங்குவதற்கு முன்னால், அவள் பக்கம் திரும்பாமலே, "வரேன்" என்றார்.

நம் ஆட்களில் யாரும் போகும்போது போகிறேன் என்று சொல்வதில்லை. போகிறவன் வாயிலிருந்து வருகிற சொல் வரேன் என்பதுதான். தினம் ஆயிரம் பேர் ஆயிரம் வாசலில் சொல்லிவிட்டுப் போகிற சொல். அதில் பாதிப் பேர் வரவே போவதில்லை என்பது சொல்கிறவனுக்கும் தெரியும், கேட்கிறவனுக்கும் தெரியும். பாப்பாவுக்கும் தெரியாததல்ல. தெரிந்தும் அவள் அந்த ஒரு சொல்லை வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனாள். ஜாக்கெட்டுக்குக் கொக்கி வைக்கும்போதும் கால்சட்டை மடிப்பைப் பிரிக்கும்போதும் அது காதருகே கேட்டுக்கொண்டிருந்தது. ஒருநாள் யாருடைய இடுப்பு அளவையோ யாருக்கோ பிடித்துவிட்டு முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டாள்.

இன்றைக்கு வந்து பார்த்தால் பெஞ்சின் மறுமுனையில் அண்ணன் இல்லை. யாரோ ஒருவருடைய குடை உட்கார்ந்திருந்தது.

வக்கீலம்மா அவள் பக்கத்தில் வந்து குனிந்தார். குட்டையான, வேகமான மனுஷி. பேசும்போதே அடுத்த கோர்ட்டுக்கு ஒரு கால் கிளம்பியிருக்கும்.

"இன்னிக்கு உங்களுக்கு யோகம்தான் போங்க. ஆளைக் காணோம். போன தடவையே ஐயா இதுதான் கடைசி வாய்தான்னு எழுதிட்டாரு. கூப்பிடும்போது அவர் இல்லைன்னா தள்ளுபடி. அவருக்கு வக்கீலும் கிடையாது, தானே பார்த்துக்கிறேன்னு சொன்ன ஆளு."

"யார் பக்கம் நியாயம்னு பார்க்க மாட்டாங்களா?"

"அதெல்லாம் ஆள் வந்து பேசினாத்தான். மேல்முறையீடு போட்டவரே வரலைன்னா, உள்ள என்ன இருக்குன்னு பிரிச்சுக்கூட பார்க்க மாட்டாங்க. வரலை, தள்ளுபடி. ஒரே வரி. நாளைக்கே சாவிக்கு மனு போட்டுடலாம்."

"அப்புறம் நான் இங்க வர வேண்டியதில்லையா?"

"எதுக்கு வரணும்? நிம்மதியா வீட்ல இருங்க" என்று சொல்லிவிட்டு வக்கீலம்மா போய்விட்டார்.

நிம்மதி என்ற சொல்லைக் கேட்டதும் பாப்பா பெஞ்சின் மறுமுனைக்குத் திரும்பினாள். குடை இருந்த இடத்தையே பார்த்தாள். வேலை ஏதாவது வந்திருக்கும். எந்தக் கட்டடத்திலாவது யாராவது லிஃப்டில் மாட்டிக்கொண்டிருப்பார்கள். இல்லை, உடம்பு சரியில்லையோ. உடம்பு சரியில்லை என்றால் அவளுக்கு யார் சொல்வார்கள்? அண்ணி போன பிறகு அவர் தனியாக இருக்கிறார் என்று மட்டும் தெரியும். எந்தத் தெரு, எந்த வீடு, தெரியாது. கோர்ட்டுக் காகிதத்தில் இருந்த விலாசத்தை விட்டு அவர் எப்போதோ மாறியிருந்தார். இந்தப் பெஞ்சு ஒன்றுதான் அண்ணனுக்கு அவளிடம் இருந்த விலாசம்.

மின்விசிறி முனகியது. கண் செருகியது. அவள் தன் வீட்டு மாடிப் படியில் ஏறிக்கொண்டிருந்தாள். படி வழக்கத்தைவிட நிறைய இருந்தது, ஆனால் மூச்சு வாங்கவில்லை. மேலே அறைக் கதவில் பூட்டும் இல்லை, அரக்கும் இல்லை. உள்ளே அண்ணன் ஜன்னலோரம் முட்டி போட்டு எதையோ முடுக்கிக்கொண்டிருந்தார். தலை முழுக்கக் கறுப்பு முடி. "திருப்புளி எடு பாப்பா" என்று பின்னால் கையை நீட்டினார். அவள் தேடினாள். அறையில் இருந்த எல்லாமே துணியாக இருந்தது. மேசை, கட்டில், சுவர், எல்லாம் யாரோ அளவெடுக்கக் கொடுத்துவிட்டுப் போன துணி. திருப்புளி மட்டும் இல்லை. நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது. கீழேயிருந்து யாரோ அண்ணனைக் கூப்பிட்டார்கள். அம்மா கூப்பிடுகிற குரல் இல்லை. முழுப் பேரைச் சொல்லி, அப்பா பேரையும் சேர்த்து, பள்ளிக்கூடத்தில் கூப்பிடுவதுபோல. யார் இவ்வளவு மரியாதையாகக் கூப்பிடுவது என்று யோசித்துக்கொண்டே அவள் கண்ணை விழித்தாள்.

டவாலி வாசலில் நின்றிருந்தார். ஒவ்வொரு வழக்குக்கும் ஆட்களைப் பேர் சொல்லிக் கூப்பிடுவதுதான் அவர் வேலை. ஒடிசலான மனுஷர், ஆனால் அந்தக் குரல் மூன்று வராந்தாவைச் சுற்றிக்கொண்டு கீழே வண்டி நிறுத்துகிற இடம் வரைக்கும் போய்வரும். ஊரில் எத்தனையோ பேருடைய முழுப் பேரை வருஷத்துக்கு நாலு முறையாவது வாய்விட்டுச் சொல்வது அவர் ஒருவர்தான்.

பாப்பா உள்ளே ஓடினாள். நீதிபதி மூக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார், நல்ல ஜலதோஷம். டவாலி இரண்டாவது முறை கூப்பிட்டார். அறையில் யாரும் அசையவில்லை. வக்கீலம்மா பாப்பாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டார். இன்னும் ஒரே ஒரு தடவை. பேரனுக்கு மேலே போய்ப் படுக்க ஜன்னல் வைத்த அறை. சாவி. வெளிச்சம். அவளுக்கு எல்லாம் தெளிவாகத் தெரிந்தது, அதோடு காலியான பெஞ்சும் தெரிந்தது. இனி எந்த நாளும் நல்ல துணி உடுத்திக்கொண்டு போக ஓர் இடம் இல்லை என்பதும் தெரிந்தது. டவாலி மூன்றாவது முறை கூப்பிட்டார். அண்ணன் பேர் வராந்தாவில் சுற்றிவிட்டு யாரும் கிடைக்காமல் திரும்பி வந்தது. நீதிபதி பேனாவை எடுத்தார்.

"வரேன்னு சொல்லியிருக்காரு ஐயா" என்றாள் பாப்பா.

அது தன் குரல்தான் என்று அவளுக்கே சற்றுப் பொறுத்துத்தான் தெரிந்தது.

"யாரு வரேன்னு சொன்னது?"

"கேஸ் போட்டவரு."

"நீங்க யாரு? அவர் வீட்டு மனுஷங்களா?"

"ஆமாங்கய்யா. இல்லைங்கய்யா. அவர் என் மேலதான் கேஸ் போட்டிருக்காரு."

அறையில் தூங்கிக்கொண்டிருந்த இரண்டு மூன்று பேர் விழித்துக்கொண்டார்கள். பின்வரிசையில் ஒரு சிரிப்பு கிளம்பி இருமலாக மாறியது. வக்கீலம்மா முழங்கையை விட்டுவிட்டார். நீதிபதி தன் எதிரில் நின்ற வக்கீலம்மாவையும் அவர் கட்சிக்காரியையும் மாறி மாறிப் பார்த்தார். இத்தனை வருஷ உத்தியோகத்தில் எதிரிக்காக எழுந்து நின்ற எதிரியை அவர் பார்த்திருக்க மாட்டார்.

"வராம இருந்தா உங்களுக்குத்தாம்மா நல்லது. தெரியும்ல?"

"தெரியுங்கய்யா."

"எப்ப வரேன்னாரு?"

பாப்பா யோசித்தாள். பொய் சொல்ல அவளுக்கு வராது. "எப்பன்னு சொல்லலைங்கய்யா. வரேன்னு மட்டும்தான் சொன்னாரு."

நீதிபதி ஒரு தும்மல் போட்டார். அதற்குள் அவருக்கு மனசு இளகியதோ, அல்லது அடுத்த வழக்கின் காகிதக் கட்டைப் பிரித்துவிட்டார்களோ, பேனாவைக் கீழே வைத்தார். "சரி, வரேன்னவர் வரட்டும். சாப்பாட்டுக்கு அப்புறம் இன்னொரு தடவை கூப்பிடுங்க. அப்பவும் இல்லைன்னா முடிச்சிடலாம்."

வெளியே வந்ததும் வக்கீலம்மா பிடித்துக்கொண்டார். "உங்களுக்கு என்ன கிறுக்கு பிடிச்சிருக்கா? கைக்கு வந்ததை நீங்களே தட்டி விடுறீங்க. அவருக்கு நீங்க வக்கீலா, எனக்கு நீங்க கட்சிக்காரியா?"

"வரேன்னு சொன்னாரும்மா."

"சொல்வாங்க. என் வீட்டுக்குக் குழாய் மாத்துறவன்கூடத்தான் தினம் சொல்றான்." கையில் இருந்த காகிதக் கட்டைப் பாப்பாவின் நெஞ்சுக்கு நேராக ஆட்டினார். "மத்தியானம் எனக்கு வேற கோர்ட்ல விசாரணை. நீங்க மட்டும் போய் நில்லுங்க. தயவு பண்ணி வாயைத் திறக்காதீங்க." அவர் போன பிறகும் கோபம் சற்று நேரம் அங்கேயே நின்றது.

பாப்பா கீழே இறங்கினாள். மத்தியான நேரத்துக் கோர்ட்டு வளாகம் ஒரு தனி உலகம். தட்டச்சுக்காரர்கள் மிஷின் மேலேயே தலையை வைத்துத் தூங்கினார்கள். ஜெராக்ஸ் கடையில் மூடாத கண்ணாடிக்கு அடியில் பச்சை வெளிச்சம் போவதும் வருவதுமாக இருந்தது. யாரும் எதையும் வைக்கவில்லை, அது எதையோ படித்துக்கொண்டிருந்தது. கறுப்பு அங்கிகள் ஜன்னல் கம்பிகளில் தொங்கின. வழியில் எதிர்ப்பட்டவர்கள் எல்லோரும் எங்கேயோ போகிறவர்கள் மாதிரியும் இல்லை, திரும்பி வருகிறவர்கள் மாதிரியும் இல்லை. பாப்பா எங்கே போகிறோம் என்று தெரியாமலே நடந்தாள். தேடுகிறோம் என்றுகூட அவள் நினைத்துக்கொள்ளவில்லை.

கட்டடத்துக்குப் பின்னால், வண்டி நிறுத்துகிற இடத்தை ஒட்டி ஒரு பெரிய மரம். அதைச் சுற்றி உட்காரத் தோதாகச் சிமெண்டுக் கட்டை. அதில் அண்ணன் உட்கார்ந்திருந்தார். தேய்த்த சட்டை, பக்கத்தில் மடித்த பேப்பர். வாய்தாவுக்கு வருகிற அதே கோலத்தில் வந்து, மேலே ஏறாமல் கீழேயே உட்கார்ந்துவிட்டவர்.

அவள் முன்னால் போய் நின்றாள். அவர் தலையைத் தூக்கிப் பார்த்தார். சர்க்கரை டப்பாவுக்குள் கையை விட்டு மாட்டிக்கொண்ட முகம்.

"முடிஞ்சுதா?" என்றார். ஆறேழு வருஷத்தில் தங்கையிடம் அவர் கேட்ட முதல் கேள்வி அது.

"எது?"

"அதான், கூப்பிட்டாங்கல்ல. மூணு தடவையும் இங்க வரைக்கும் கேட்டுச்சு."

"கேட்டுச்சா? கேட்டுக்கிட்டா இங்க உட்கார்ந்திருந்த?"

"பின்ன, கேட்டதும் ஓடி வரணுமா? தள்ளுபடி ஆயிடுச்சா இல்லையா, அதைச் சொல்லு."

"ஆகல."

"ஏன் ஆகல? நான்தான் வரலையே."

"நீ வரேன்னு சொல்லியிருக்கேன்னு நான் எந்திரிச்சுச் சொன்னேன். மத்தியானத்துக்கு வச்சிருக்காங்க."

"நான் எப்ப சொன்னேன்?"

"அன்னிக்கு மழையில. போறப்ப."

"அடி அசடே, அது போறப்ப சொல்ற வரேன்."

"எந்த வரேனா இருந்தா என்ன? வரேன்தானே."

அண்ணன் தன் செருப்பைப் பார்த்தார். பாப்பா உட்கார்ந்தாள். பெஞ்சின் மறுமுனையில் உட்காருகிற பழக்கத்தில் தள்ளித்தான் உட்கார்ந்தாள். ஆனால் வட்டமாகப் போகிற கட்டையில் முனை என்று ஒன்று இல்லை. தள்ளித் தள்ளி உட்கார்ந்தால் மறுபக்கமாக வந்து அவர் மடியிலேயே விழ வேண்டியதுதான்.

"வேணும்னுதான் வரல" என்றார் அண்ணன். "போன தடவை உன் வக்கீலம்மா ஐயாகிட்ட சொன்னாங்கல்ல, குழந்தை மிஷினுக்கு அடியில படுக்குதுன்னு. எனக்குக் காது இல்லையா? அன்னிக்கே முடிவு பண்ணிட்டேன்."

"அப்ப வாபஸ் வாங்கிட வேண்டியதுதானே. ஒரு வார்த்தை சொல்லியிருந்தா..."

"வாபஸ் வாங்க மாட்டேன். வாங்கினா, அம்மா சொன்னது பொய்னு நானே கையெழுத்துப் போட்ட மாதிரி ஆயிடும். அம்மா சொன்னாங்க பாப்பா. மாடி உனக்குத்தான்டான்னு, என் கையைப் பிடிச்சுக்கிட்டு சொன்னாங்க. அது நிஜம்." அவர் பேப்பரை எடுத்து இன்னொரு மடிப்பு மடித்தார். "வராம இருந்துட்டா யாரு சொன்னதும் பொய் ஆகாது. வரல, அவ்வளவுதான். நீயும் ஜெயிக்க வேண்டாம், நானும் தோக்க வேண்டாம். வீடு உனக்கு வந்துடும்."

பாப்பாவுக்கு மரமும் வண்டிகளும் கலங்கித் தெரிந்தன. இவ்வளவு தூரம் யோசிக்கிற மனுஷர் ஒருதரம் வாசலில் வந்து நின்று கூப்பிட்டிருக்கலாம். ஆனால் இவர்கள் குடும்பத்தில் அந்த வழக்கம் இல்லை. கொடுக்கிறதைக்கூடக் கோபித்துக்கொண்டுதான் கொடுப்பார்கள்.

"இப்பப் பாரு, காரியத்தைக் கெடுத்துட்ட" என்றார் அண்ணன்.

"ஆமா கெடுத்துட்டேன். எனக்கு ரூம் வேணும், இல்லைன்னு சொல்லல. ஆனா கேஸ் முடிஞ்சுட்டா உன்னை நான் எங்க வந்து பார்க்கிறது? நீ எங்க இருக்கேன்னே எனக்குத் தெரியாது."

"அதுக்குன்னு கேஸ் நடத்த முடியுமா?"

"நடத்தினா என்ன? ஒண்ணுமே இல்லாததுக்கெல்லாம் நடத்துறாங்க."

அண்ணன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அது சுத்தமாகத்தான் இருந்தது. "மத்தியானமும் நான் வர மாட்டேன். சொல்லிட்டேன். வந்து நின்னா திரும்பவும் அது உயிர் பிழைச்சுக்கும்."

"வராட்டிப் போ. நானும் போகல. கூப்பிடட்டும், கூப்பிட்டு ஓயட்டும். இங்க உட்கார்ந்து கேட்கலாம்."

அப்படி முடிவு செய்துவிட்டு இருவரும் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்தார்கள். காற்று இல்லை. மரத்தின் நிழல் அவர்கள் காலடியில் அசையாமல் கிடந்தது. மேலே ஜன்னலில் ஓர் அங்கி தொங்கிக்கொண்டிருந்தது. சும்மா எவ்வளவு நேரம்தான் உட்கார்ந்திருக்க முடியும்?

"அம்மா உன்கிட்ட சொல்லியிருப்பாங்க" என்றாள் பாப்பா. "நான் இல்லைங்கல. வீடு முழுக்க உனக்குத்தான்டின்னு என்கிட்டயும்தான் சொன்னாங்க. அம்மா யாருக்குத்தான் எதைத் தரேன்னு சொல்லல? அந்தச் சுவர்க் கடிகாரம் ஞாபகம் இருக்கா?"

"எந்தக் கடிகாரம்? ஓடாதே, அதா?"

"அதேதான். அம்மா போன மறுவாரம் பக்கத்து வீட்டக்கா வந்து நிக்குறாங்க. கடிகாரத்தை எனக்குத் தரேன்னு உங்கம்மா வாயால சொன்னாங்கன்னு. சரி எடுத்துக்கோங்கன்னு ஸ்டூலைப் போட்டு ஏறுறேன், பெரியம்மா பொண்ணு வர்றா. கடிகாரம் எனக்குன்னு சித்தி சொன்னாங்களேன்னு."

"ஐயையோ."

"இருக்கு, கேளு. நான் ஸ்டூல் மேலதான் நிக்குறேன், இறங்கல. மருந்துக் கடைக்காரர் வர்றாரு. துக்கம் விசாரிக்கத்தான் வந்தாரு, நான் கடிகாரத்துல கை வச்சிருக்கிறதைப் பார்த்ததும் முகம் சுருங்கிப் போச்சு. என்ன அண்ணேன்னு கேட்டா, ஒண்ணுமில்லைம்மா, அதை எனக்குத் தரேன்னு அம்மா சொல்லிட்டே இருப்பாங்கங்கிறாரு."

அண்ணன் சிரிக்க ஆரம்பித்தார். முதலில் தோள் மட்டும்தான் குலுங்கியது. "மருந்துக் கடைக்காரருக்கா? அவரு ஊசி போட வந்தா வலிக்காம போடணும்னு ஆசை காட்டியிருக்கும்."

"எல்லார்கிட்டயும் வாயாலதான் சொல்லியிருக்காங்க. எல்லார் கையையும்தான் பிடிச்சிருக்காங்க."

"எனக்குச் சைக்கிள் வாங்கித் தரேன்னு பத்து வருஷம் சொன்னாங்களே."

"சைக்கிளா? என்னைக் கப்பல்ல கூட்டிட்டுப் போறேன்னாங்க. நான் பள்ளிக்கூடத்துல எல்லார்கிட்டயும் சொல்லி, வாத்தியார்கிட்ட லீவு கேட்டுட்டேன்."

"லீவு கேட்டியா? இது எனக்குத் தெரியாதே. அவரு என்ன சொன்னாரு?"

பாப்பா சொன்னாள். அவர் இன்னொன்று சொன்னார். அம்மா ஆசை காட்டியது ஒவ்வொன்றாக வந்தது: கிடைக்காத நாய்க்குட்டி, கட்டாத கிணறு, வராத மாமா. ஒருவர் பாதியில் விட்டதை மற்றவர் எடுத்து முடித்தார். கடைசியில் கடிகாரத்தை யார் கொண்டுபோனார்கள் என்று அண்ணன் கேட்டார். யாரும் இல்லை, சண்டை வேண்டாம் என்று மாடி அறையில் கொண்டுபோய் மாட்டினேன், அதோடு சேர்த்துத்தான் கோர்ட்டு அரக்கு வைத்துவிட்டது என்று பாப்பா சொன்னாள். அண்ணனுக்குச் சிரிப்பில் புரை ஏறிவிட்டது. அவள் நகர்ந்து வந்து அவர் உச்சந்தலையில் தட்டினாள். அங்கே முடி குறைந்திருந்ததை இவ்வளவு கிட்டத்தில் அப்போதுதான் பார்த்தாள். எங்கே இருக்கிறாய், யார் சமைக்கிறார்கள், ராத்திரி மாத்திரை யார் எடுத்துத் தருகிறார்கள் என்று கேட்டாள். ரயில் பாலத்துக்குப் பின்னால் இரண்டாவது சந்தில் இருப்பதாக அவர் சொன்னார். சமையல் தானேதான், ரசம் மட்டும் இன்னும் பிடிபடவில்லை என்றார். ரசத்தில் என்ன தப்பு என்று கண்டுபிடிப்பதற்குள் நிழல் அவர்கள் காலை விட்டு நகர்ந்துபோய் வெயில் வந்திருந்தது. இருவரும் கவனிக்கவில்லை.

"நல்லா இருக்கு உங்க நியாயம்."

திரும்பிப் பார்த்தார்கள். டவாலி நின்றிருந்தார். கழுத்தில் கைக்குட்டை, இரைத்துக்கொண்டிருந்தார்.

"சாப்பாட்டுக்கு அப்புறம் முதல் கேஸே உங்களுதுதான். மூணு தடவை கூப்பிட்டேன். ஒண்ணுக்கு ரெண்டு பேரா, மாத்தி மாத்தி. தொண்டை கிழிஞ்சுபோச்சு. பார்த்தா ரெண்டு பேரும் ஜன்னலுக்கு நேர் கீழதான் உட்கார்ந்திருக்கீங்க. காதுல விழலையா?"

அண்ணன் பாப்பாவைப் பார்த்தார். பாப்பா அண்ணனைப் பார்த்தாள். விழவில்லை. ஒரு தடவைகூட விழவில்லை.

"என்ன ஆச்சு?" என்றார் அண்ணன்.

"என்ன ஆகும்? ரெண்டு தரப்புமே ஆஜராகலைன்னு தள்ளுபடி பண்ணிட்டாரு." சொல்லிவிட்டு டவாலிக்கே பாவமாகப் போய்விட்டது போலிருக்கிறது. குரலைத் தணித்துக்கொண்டார். "ஐயா இன்னும் இறங்கல. நல்ல மனுஷர்தான். வராததுக்குச் சரியான காரணம் இருந்தா திரும்ப எடுத்துக்குவாரு. இப்பவே போய்ச் சொல்றேன். என்ன காரணம்னு சொல்றது? உடம்பு சரியில்லைன்னு சொல்லவா, வண்டி கிடைக்கலைன்னு சொல்லவா?"

அண்ணன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதற்குள் பாப்பா முந்திக்கொண்டாள்.

"பேசிட்டிருந்தோம்னு சொல்லுங்க."